விழுந்தவரும் நடித்தவரும் ஒருவரே

ரிச்சர்ட் ஃபார்ன்ஸ்வொர்த் நடிகரே அல்ல என்று சென்ற இதழில் ஒரு கட்டுரை தீர்ப்பு எழுதியிருக்கிறது. டேவிட் லிஞ்ச் 1999-இல் எடுத்த ‘தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி’யை முன்வைத்து எழுதப்பட்ட அந்தக் கட்டுரை சொல்வது இதுதான். அந்தப் படத்தில் நாம் காண்பது நடிப்பு இல்லை, நோயுற்ற ஒரு கிழவரின் உடல். அந்த உடலைக் கேமராவுக்கு முன்னால் உட்கார வைத்ததுதான் லிஞ்சின் கலை. அதற்கு முந்தைய நாற்பது ஆண்டுகள் அவர் குதிரையிலிருந்து விழுந்து பிழைத்தார். அது உடலுழைப்பு, அதற்கும் நடிப்புக்கும் தொடர்பில்லை. இரண்டு முறை ஆஸ்கர் பரிந்துரையில் அவர் பெயர் வந்தது, பழைய ஆள் ஒருவர்மீது ஹாலிவுட் காட்டிய இரக்கம்.

இவற்றில் ஒன்றுகூட நிற்காது. நான் பதில் எழுதுவது ஃபார்ன்ஸ்வொர்த்துக்குச் சான்றிதழ் வாங்கித் தருவதற்காக அல்ல. அவருக்கு அது தேவையில்லை. இந்த வாதத்தை ஒப்புக்கொண்டால், திரையில் முகம் தெரியாமல் உழைத்த ஒருவரையும் கலைஞர் என்று சொல்ல முடியாது. சினிமாவைப் பற்றி எழுதும் ஒருவர், சினிமா யாருடைய உடலால் உருவாகிறது என்பதைத் தெரிந்துகொள்ள மறுக்கிறார். அந்த மறுப்புக்கு ரசனை என்று பெயரும் வைக்கிறார். அதை நான் ஏற்க மாட்டேன்.

கட்டுரை அரை வாக்கியத்தில் தாண்டிப்போன அந்த நாற்பது ஆண்டுகளிலிருந்து தொடங்குகிறேன். ஃபார்ன்ஸ்வொர்த் 1920 செப்டம்பர் 1 அன்று லாஸ் ஏஞ்சலஸில் பிறந்தவர். அவருக்கு ஏழு வயதானபோது தந்தை இறந்தார். படிப்பைப் பாதியில் விட்டுப் போலோ குதிரை லாயம் ஒன்றில் கூலிக்குச் சேர்ந்தார். 1937-இல், குதிரை ஓட்டத் தெரிந்த ஆட்களைத் தேடிய சினிமாவுக்குள் போனபோது இன்னும் மீசை முளைக்காத பையன்தான். மார்க்ஸ் சகோதரர்களின் ‘எ டே அட் தி ரேசஸ்’ படத்தில் குதிரை ஓட்டினார். மறு ஆண்டு கேரி கூப்பரின் ‘தி அட்வென்ச்சர்ஸ் ஆஃப் மார்கோ போலோ’வில் மங்கோலியக் குதிரைப்படையில் ஒருவர். பிறகு ‘கங்கா தின்’, ‘கான் வித் தி விண்ட்’, ‘ரெட் ரிவர்’, ‘தி டென் கமாண்ட்மென்ட்ஸ்’, ‘ஸ்பார்ட்டகஸ்’. உலக சினிமாப் பட்டியல் போடும் எவருடைய பட்டியலிலும் இவற்றில் இரண்டு படங்களாவது இருக்கும். அந்தப் படங்களின் பெயர்ப் பட்டியலில் மட்டும் அவர் பெயர் இருக்காது. ராய் ரோஜர்ஸ், ஹென்றி ஃபோண்டா, மாண்ட்கோமரி கிளிஃப்ட், கிர்க் டக்ளஸ், ஸ்டீவ் மெக்வீன் ஆகியோருக்கு டூப் போட்டவர் அவர். ஸ்டண்ட் கலைஞர்கள் தங்களுக்கென்று ஒரு சங்கம் தொடங்கிய 1961-இல், தொடங்கியவர்களில் அவரும் ஒருவர்.

டூப் என்றால் என்ன வேலை என்று கட்டுரையாளர் ஒரு கணம் யோசித்திருந்தால் ‘உடலுழைப்பு’ என்று எழுதியிருக்க மாட்டார். ‘ரெட் ரிவர்’ 1948-இல் வெளிவந்தது, ஹோவர்ட் ஹாக்ஸ் இயக்கியது. கிளிஃப்ட் நியூயார்க் நாடக மேடையிலிருந்து வந்தவர். அந்தக் கதாபாத்திரமோ மாடு ஓட்டியே வளர்ந்தவன். கேமரா பின்னால் போனதும் குதிரைமீது இருப்பது ஃபார்ன்ஸ்வொர்த். அவர் தன் பாணியில் சவாரி செய்ய முடியாது. கிளிஃப்டின் தோள் எப்படிச் சரிந்திருக்கிறது, தொப்பியை எந்தக் கோணத்தில் அழுத்தியிருக்கிறார், சினம் வந்தால் கடிவாளத்தை எப்படிப் பிடிக்கிறார் என்று பார்த்து, அந்த உடலைத் தன் உடலில் ஏற்றிக்கொள்ள வேண்டும். முகம் காட்டாமல், வசனம் இல்லாமல், இன்னொரு மனிதன் என்று நம்ப வைக்க வேண்டும். நம்ப வைக்கத் தவறினால் அந்த ஷாட் குப்பை. அதுவும் வெறுமனே இன்னொரு மனிதன் இல்லை. இன்னொரு நடிகர் ஏற்றிருக்கும் கதாபாத்திரம். நடிப்பின்மேல் நடிப்பு. இதற்கு நடிப்பு என்ற பெயர் கிடையாது என்றால் வேறு எதற்கு அந்தப் பெயரை வைத்திருக்கிறோம்?

விழுவதை எடுத்துக்கொள்ளுங்கள். பார்ப்பவருக்கு அது ஒரு விபத்து. செய்பவருக்கு அது எழுதி வைத்த வசனம். துப்பாக்கி வெடிக்கும் சத்தம் எந்த நொடியில், குதிரையின் எந்தக் கால் தரையில் இருக்கும்போது, எந்தப் பக்கம் சரிய வேண்டும், கேமராவுக்கு முகம் தெரியாமல் முதுகு எப்படித் திரும்ப வேண்டும் என்பதெல்லாம் முன்பே முடிவானவை. விழும் இடத்தை முன்கூட்டியே கொத்தி மண்ணை இளக்கி வைத்திருப்பார்கள். பாய்ந்து ஓடும் குதிரைமீது இருந்துகொண்டு அந்தத் துண்டு நிலத்தில் சரியாக இறங்க வேண்டும். ஓர் அடி தள்ளினால் எலும்பு முறியும். இத்தனை கணக்கும் உள்ளே ஓடும்போது வெளியே தெரிய வேண்டியது ஒன்றுதான்: இந்த மனிதனுக்குத் தான் சுடப்படப்போவது தெரியாது. தெரிந்த ஒன்றைத் தெரியாததுபோல் உடலில் காட்டுவதற்குத்தான் நடிப்புப் பள்ளிகள் ஆண்டுக்கணக்கில் பாடம் நடத்துகின்றன.

அவர் தொழிலுக்கு வந்த காலம் கொடூரமானது. குதிரையின் முன்னங்காலில் கம்பி கட்டி, ஓடும்போது சுண்டி இழுத்துக் கவிழ்ப்பார்கள். ‘ரன்னிங் டபிள்யூ’ என்று அதற்குப் பெயர். 1936-இல் வந்த ‘தி சார்ஜ் ஆஃப் தி லைட் பிரிகேட்’ படத்தில் அந்தக் கம்பிக்குப் பல குதிரைகள் பலியாயின. 1939-இல் வெளிவந்த ‘ஜெஸ்ஸி ஜேம்ஸ்’ படத்துக்காகச் செங்குத்துப் பாறையிலிருந்து குதிக்க வைத்த குதிரை இறந்த பிறகுதான், 1940-இலிருந்து படப்பிடிப்புகளை விலங்கு நல அமைப்பு கண்காணிக்கத் தொடங்கியது. அதன்பின் குதிரைக்கும் விழப் பயிற்சி கொடுக்க வேண்டியிருந்தது. மேலே இருப்பவனின் பதற்றம் தொடை வழியாகக் குதிரைக்குத் தெரிந்துவிடும். பதறினால் குதிரை விழாது, மிரளும். ஃபார்ன்ஸ்வொர்த்தின் முகத்தில் பிற்காலத்தில் நாம் வியக்கும் அந்த அமைதி வயதால் வந்ததல்ல. குதிரையை ஏமாற்ற முடியாத இடத்தில் நாற்பது ஆண்டுகள் இருந்து சம்பாதித்தது.

பஸ்டர் கீட்டனைக் கலைஞர் என்று ஏற்காத சினிமா எழுத்தாளர் எவரும் இல்லை. ‘ஸ்டீம்போட் பில் ஜூனியர்’ படத்தில் ஒரு வீட்டின் முன்சுவர் முழுதாகச் சாய்ந்து, சன்னல் இடைவெளி மட்டும் அவரைத் தப்பவிட்டு விழும் காட்சியை எத்தனை பேர் எத்தனை மொழிகளில் எழுதியிருக்கிறார்கள். ‘ஷெர்லாக் ஜூனியர்’ படத்தில் தன்னுடன் நடித்த இன்னொருவருக்கு அவரே டூப் போட்டு மோட்டார் சைக்கிளிலிருந்து விழுந்தார். கீட்டன் விழுந்தால் கலை, ஃபார்ன்ஸ்வொர்த் விழுந்தால் கூலி என்று பிரிப்பது எது? ஒருவருக்குப் பெயர் இருந்தது, இன்னொருவருக்கு இல்லை. கட்டுரையாளரின் அளவுகோல் அந்தப் பெயர்தான். வேலையை அவர் பார்க்கவே இல்லை.

அந்த வேலையின் விலை என்ன என்பதற்கு ஃபார்ன்ஸ்வொர்த்தின் வாழ்க்கையிலேயே ஒரு சாட்சி இருக்கிறது. 1978-இல் ஆலன் ஜே. பக்கூலா இயக்கிய ‘கம்ஸ் எ ஹார்ஸ்மேன்’. ஜேன் ஃபோண்டாவின் பண்ணையில் வேலை செய்யும் கிழட்டுக் கையாள் டாட்ஜராக ஃபார்ன்ஸ்வொர்த் நடித்தார். முதல் ஆஸ்கர் பரிந்துரை அதற்குத்தான். அதே படத்தின் படப்பிடிப்பில், ஜேசன் ரோபர்ட்ஸுக்கு டூப் போட்ட ஜிம் ஷெப்பர்ட், குதிரை தரையோடு இழுத்துச் செல்லும் காட்சியில் கம்பத்தில் தலை மோதி இறந்துபோனார். ஒரே படம். ஒருவர் ஸ்டண்டிலிருந்து வசனத்துக்கு வந்து உலகத்தின் கண்ணில் பட்டார், இன்னொருவர் ஸ்டண்டிலேயே செத்தார். இருவரும் செய்தது ஒரே தொழில். அந்தத் தொழிலை ‘விழுந்து பிழைத்தார்’ என்று மூன்று விரலால் தட்டிவிட்டுப் போவதற்கு எனக்கு மனம் வராது. கட்டுரையாளருக்கு எப்படி வந்தது?

இனி ‘தி ஸ்ட்ரெய்ட் ஸ்டோரி’. அயோவா மாநிலத்தின் லாரன்ஸ் ஊரைச் சேர்ந்த ஆல்வின் ஸ்ட்ரெய்ட் என்ற எழுபத்து மூன்று வயதுக்காரர், பக்கவாதம் வந்த அண்ணனைப் பார்க்க, 1994-இல் விஸ்கான்சினுக்குப் புல்வெட்டும் வண்டியிலேயே ஏறத்தாழ 240 மைல் போனது உண்மைச் சம்பவம். கார் ஓட்டும் அளவுக்குக் கண்பார்வை இல்லை. 1966-ஆம் ஆண்டு ஜான் டீர் வண்டி, மணிக்கு ஐந்து மைல் வேகம், பின்னால் ஒரு இழுவைப் பெட்டி. லிஞ்ச் அதே வழித்தடத்தில், கதை நடக்கும் வரிசையிலேயே படம் எடுத்தார். ஃபார்ன்ஸ்வொர்த்துக்கு அப்போது எழுபத்தெட்டு வயது. புற்றுநோய் எலும்புவரை போயிருந்தது. கால்கள் ஒத்துழைக்கவில்லை. இரண்டு கைத்தடிகளோடு அவர் நடப்பது வேஷம் இல்லை. இவை எல்லாம் உண்மை. இவற்றை வைத்துக் கட்டுரையாளர் எடுக்கும் முடிவுதான் பொய்.

நோய் அவருக்கு நொண்டலைக் கொடுத்தது. வேறு எதையும் கொடுக்கவில்லை. வலியில் இருக்கும் உடல் வலியைக் காட்டும். அதுதான் அதன் இயல்பு. ஆல்வின் ஸ்ட்ரெய்ட்டோ வலியைக் காட்ட மறுக்கும் மனிதர். மருத்துவர் நடைச்சட்டம் வைத்துக்கொள்ளச் சொன்னால் மறுத்துவிட்டு, இன்னொரு தடியை எடுத்துக்கொள்பவர். ஆக, நடிகர் செய்ய வேண்டியிருந்தது தன் சொந்த வலியை மறைக்கும் இன்னொரு மனிதனை உருவாக்குவது. மறைப்பு முழுதாகவும் இருக்கக் கூடாது, கொஞ்சம் கசிய வேண்டும். எவ்வளவு கசிய வேண்டும், மகளுக்கு எவ்வளவு தெரிய வேண்டும், அவள் அறையை விட்டுப் போனபின் நமக்கு மட்டும் எவ்வளவு தெரிய வேண்டும் என்ற அளவு எந்த நோயும் சொல்லித் தருவதில்லை. எலும்புப் புற்றுநோய் வந்த எல்லாரும் திரையில் ஆல்வின் ஸ்ட்ரெய்ட்டாக ஆகிவிட மாட்டார்கள். இதைச் சொல்ல வேண்டிய நிலைமைக்கு ஒரு சினிமாக் கட்டுரை நம்மைக் கொண்டுவந்து விட்டதே என்றுதான் வருத்தமாக இருக்கிறது.

படத்தின் தொடக்கத்தைக் கவனியுங்கள். வீட்டின் வெளிப்புறம், கேமரா மெல்ல நகர்கிறது, உள்ளே ஏதோ விழும் சத்தம். அவ்வளவுதான். பிறகு நாம் ஆல்வினைப் பார்க்கும்போது அவர் சமையலறைத் தரையில் கிடக்கிறார், எழ முடியவில்லை. வாழ்நாள் முழுதும் கேமராவுக்கு முன்னால் விழுந்த மனிதர் கதாநாயகனாக நடிக்கும் படத்தில், அவர் விழுவதை லிஞ்ச் நமக்குக் காட்டவில்லை. விழுந்த பிறகு வருவதைத்தான் காட்டுகிறார். ஸ்டண்ட் கலைஞர் விழுந்ததும் அந்த ஷாட் முடிந்துவிடும். எழுந்து தூசி தட்டிக்கொள்வதை யாரும் படம் பிடிப்பதில்லை. இங்கே அந்த வெட்டுக்குப் பிறகு ஆரம்பிக்கிறது படம். பக்கத்து வீட்டார் பதறுகிறார்கள், மகள் ரோஸ் பதறுகிறாள், தரையில் கிடப்பவர் மட்டும் பதறவில்லை. எழுப்பிவிட ஆள் வேண்டும், அவ்வளவுதான் என்கிற பிடிவாதம் முகத்தில். எத்தனையோ முறை தரையில் கிடந்து தன் உடலை அங்கம் அங்கமாகக் கணக்கெடுத்துப் பழகியவரின் கண்கள் அவை. இதைத் தற்செயல் என்று சொல்ல முடியாது. தனக்குத் தெரிந்ததில் எதை எடுக்க வேண்டும் என்று தேர்ந்தெடுத்து நடித்திருக்கிறார்.

இடிமழை இரவில் அண்ணனுக்குப் பக்கவாதம் என்று தொலைபேசி வரும் இடம் இன்னொன்று. ரோஸாக நடித்த சிஸி ஸ்பேசெக் அடுத்த அறையில் பேசுகிறார். அவர் குரல் மட்டும் வருகிறது. கேமரா ஆல்வினிடமே நிற்கிறது. சன்னல் வழியே மின்னல் வெட்டி அவர் முகத்தில் விழுகிறது. அவர் ஒன்றுமே செய்யவில்லை என்பார் கட்டுரையாளர். நான் அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் பார்த்தவன். அவர் கேட்கிறார். கேட்பதைக் காட்டுவதுதான் திரை நடிப்பில் ஆகக் கடினமானது. பேசுபவருக்கு வசனம் துணை இருக்கிறது, கேட்பவருக்கு எதுவும் இல்லை. பத்தாண்டுகளாகப் பேசாத அண்ணன் என்று படம் நமக்குச் சொல்வதற்கு முன்பே, அங்கே ஒரு பழைய பகை இருக்கிறது என்பது அந்த முகத்தில் தெரிந்துவிடுகிறது.

அப்புறம் அந்த மலைச் சரிவு. வண்டியின் பெல்ட் அறுந்து, இழுவைப் பெட்டி பின்னாலிருந்து தள்ள, புல்வெட்டும் வண்டி கட்டுமீறிக் கீழே ஓடுகிறது. கீழே தீயணைப்பு வீரர்கள் ஒரு பழைய வீட்டைக் கொளுத்திப் பயிற்சி செய்துகொண்டிருக்கிறார்கள். படத்திலேயே ஸ்டண்ட் என்று சொல்லத்தக்க ஒரே இடம் அது. க்ளோஸ்-அப்பில் ஃபார்ன்ஸ்வொர்த்தைப் பாருங்கள். தாடை இறுகி, கை பிடியில் உறைந்து, கண்ணில் வெறும் திகில். ‘தி டென் கமாண்ட்மென்ட்ஸ்’ படத்தில் தேர் ஓட்டியவர், மிரண்ட குதிரைகளை வயிற்றுப்பாட்டுக்காக அடக்கியவர், ஓடும் வண்டி என்றால் என்ன என்று அந்தப் படக்குழுவில் எல்லாரையும்விட நன்றாகத் தெரிந்தவர். அவருடைய உடலுக்குத் தெரிந்த அத்தனை திறமையையும் ஒளித்து வைத்துவிட்டு, ஒன்றும் தெரியாத அயோவாக் கிழவராக அந்த இருக்கையில் உட்கார்ந்திருக்கிறார். தன்னையே நடித்தார், தானாகவே இருந்தார் என்று எழுதுகிற கட்டுரை இந்தக் காட்சியை என்ன செய்யும்? அந்த இடத்தில் அவர் தானாக இருந்திருந்தால் படமே கெட்டிருக்கும்.

மதுக்கடைக் காட்சி பற்றிக் கட்டுரை பேசுகிறது, லிஞ்சின் இயக்கம் என்று பாராட்டிவிட்டுப் போகிறது. இரண்டு கிழவர்கள் பக்கம் பக்கமாக உட்கார்ந்து போரைப் பற்றிப் பேசுகிறார்கள். ஆல்வின் மதுவை விட்டவர், பால் வாங்கிக் குடிக்கிறார். மறைந்திருந்து சுடும் வீரராக இருந்தபோது தன் படையைச் சேர்ந்த ஒருவனையே தவறிச் சுட்டுக் கொன்றதைச் சொல்கிறார். ஃப்ளாஷ்பேக் இல்லை, போர்க்களம் இல்லை. ஒரு முகமும் ஒரு குரலும்தான். திரைக்கதையை எழுதியவர்கள் ஜான் ரோச்சும் மேரி ஸ்வீனியும். கேமரா ஃப்ரெடி ஃப்ரான்சிஸ். இவர்கள் எல்லாரும் தங்கள் வேலையைச் செய்துவிட்டு ஒதுங்கி நிற்க, அந்த நிமிடங்களைத் தனியாகச் சுமப்பவர் யார்? இயக்குநர் கேமராவை நகர்த்தாமல் இருந்தார் என்றால், நகர்த்தத் தேவையில்லாத நடிகர் அங்கே இருந்தார் என்று அர்த்தம். லிஞ்சுக்குத் தெரிந்த அந்த விஷயம் லிஞ்சைக் கொண்டாடுபவருக்குத் தெரியவில்லை.

இரக்க வோட்டு என்ற குற்றச்சாட்டுக்கு நீண்ட பதில் தேவையில்லை. இரக்கத்தில் போட்ட வோட்டென்றால் அவர் வென்றிருக்க வேண்டும். 1978 படங்களுக்கான துணை நடிகர் விருது கிறிஸ்டோபர் வாக்கனுக்குப் போனது. 1999 படங்களுக்கான சிறந்த நடிகர் விருது கெவின் ஸ்பேசிக்குப் போனது. எழுபத்தொன்பது வயதில், அதுவரை அந்தப் பிரிவில் பரிந்துரை பெற்றவர்களிலேயே மூத்தவர் என்ற பெயரோடு, அவர் வெறுங்கையோடு திரும்பினார். அதே ஆண்டு நியூயார்க் திரை விமர்சகர்கள் வட்டம் சிறந்த நடிகராக அவரைத் தேர்ந்தெடுத்தது. ‘கம்ஸ் எ ஹார்ஸ்மேன்’ படத்துக்குத் தேசிய திரை விமர்சகர்கள் சங்கம் விருது கொடுத்தது. இவர்கள் ஹாலிவுட்டின் பழைய நண்பர்கள் அல்ல, பார்த்துத் திட்டுவதைத் தொழிலாகக் கொண்டவர்கள். படம் வந்த மறு ஆண்டு, 2000 அக்டோபர் 6 அன்று, நியூ மெக்சிகோ மாநிலத்தில் தன் பண்ணையில் அவர் மறைந்தார். அந்த மரணத்தைப் பின்னோக்கி இழுத்து வந்து, உயிரோடு இருந்தபோது செய்த வேலைக்குக் காரணமாகக் காட்டுவது நேர்மையற்ற விமர்சனம். இதைவிட மென்மையான சொல் எனக்குக் கிடைக்கவில்லை.

கதாநாயகனாக ஆக முடியாதவரே துணை நடிகர் என்ற தொனி கட்டுரை முழுவதும் இருக்கிறது. ‘மிசரி’ பார்த்தவர்கள் ஃபார்ன்ஸ்வொர்த் நடித்த ஷெரிஃப் பஸ்டரை மறக்க மாட்டார்கள். இரண்டே பேர் ஒரு வீட்டுக்குள் அடைபட்டிருக்கும் கதையில், வெளியுலகம் என்று ஒன்று இருக்கிறது என்று நமக்கு நினைவூட்டுபவர் அவர்தான். மனைவியோடு அவர் பேசும் குறும்பும் சலிப்பும் கலந்த பேச்சில் ஒரு முழுத் திருமண வாழ்க்கை இருக்கிறது. அதனால்தான் அவர் கொல்லப்படும்போது நமக்கு நெஞ்சு அடைக்கிறது. ஹாலிவுட்டில் ஃபார்ன்ஸ்வொர்த்துக்கு முன்னே அந்த வழியில் நடந்தவர் பென் ஜான்சன். அவரும் குதிரைக்காரர், ஸ்டண்ட் போட்டவர், ஜான் வெய்னுக்கு டூப் போட்டவர். ‘தி லாஸ்ட் பிக்சர் ஷோ’ படத்துக்குத் துணை நடிகருக்கான ஆஸ்கரை வாங்கியவர். இவர்கள் இருவரையும் தற்செயல் என்று ஒதுக்கினால், தற்செயல் ஏன் திரும்பத் திரும்பக் குதிரை லாயத்திலிருந்தே வருகிறது என்று விளக்க வேண்டும்.

கட்டுரையாளரின் கருத்து புதியதும் இல்லை. ஆஸ்கர் அகாடமி ஏறத்தாழ நூறு ஆண்டுகள் வைத்திருந்த அதே கருத்துதான். உடையை வடிவமைத்தவருக்கு விருது உண்டு, ஒப்பனைக்கு உண்டு, ஒலிக்கு உண்டு. ஸ்டண்டுக்கு மட்டும் கிடையாது. ‘ஸ்டேஜ்கோச்’ படத்தில் ஓடும் குதிரைகளுக்கு நடுவே விழுந்து வண்டிக்கு அடியில் போனவரும் ‘பென் ஹர்’ தேர்ப்பந்தயத்தை அமைத்தவருமான யகீமா கானட்டுக்கு 1967-இல் ஒரு கௌரவ விருது கொடுத்துக் கணக்கை முடித்தார்கள். இப்போது அகாடமியே இறங்கி வந்திருக்கிறது. 2027-இல் வெளியாகும் படங்களிலிருந்து ஸ்டண்ட் வடிவமைப்புக்குத் தனி ஆஸ்கர் என்று 2025 ஏப்ரலில் அறிவித்தார்கள். அந்த விருதை முதல்முறை கொடுக்கப்போவது நூறாவது விழாவில். ஆள்வோர் கைவிட்ட பாகுபாட்டை நம் சிறுபத்திரிகை எழுத்தாளர் பொறுக்கியெடுத்துத் தலையில் வைத்துக்கொள்கிறார்.

கடைசியாக, கட்டுரையில் பெயரே வராத ஒரு படம். ஃபிலிப் போர்சோஸ் இயக்கிய கனடா நாட்டுப் படம், ‘தி கிரே ஃபாக்ஸ்’, 1982. ஃபார்ன்ஸ்வொர்த் கதாநாயகனாக நடித்தது. அறுபதைத் தொட்டிருந்தார். குதிரை ஏறினார், இறங்கினார், நிமிர்ந்து நடந்தார். பில் மைனர் என்ற உண்மையான கொள்ளைக்காரரின் கதை அது. கோச்சு வண்டிகளை மறித்துக் கொள்ளையடித்தவர், முப்பத்து மூன்று ஆண்டு சிறைக்குப் பின் 1901-இல் சான் குவென்டினிலிருந்து வெளியே வருகிறார். கோச்சு வண்டிகளே இல்லாத உலகம். தங்கை வீட்டில் இருந்துகொண்டு சிப்பி பொறுக்கிப் பிழைக்கிறார். ஒருநாள் திரையரங்கு ஒன்றில் ‘தி கிரேட் ட்ரெயின் ராபரி’ ஓடுகிறது. எட்வின் போர்ட்டர் 1903-இல் எடுத்த அந்தச் சின்னப் படத்தை மைனர் பார்க்கிறார். முதலில் வியப்பு, பிறகு ஒரு சிறு பையனின் குதூகலம், பிறகு கணக்கு. ரயிலைக் கொள்ளையடிக்கலாம் என்ற எண்ணம் ஒரு மனிதனுக்குள் பிறப்பதை ஒரு வார்த்தை இல்லாமல் அந்த முகத்தில் பார்க்கிறோம்.

இந்தப் படத்தில் அவர் நோயாளி இல்லை. லிஞ்ச் இல்லை. கதாபாத்திரம் அவரும் இல்லை: சட்டத்தை மீறியே வாழ்ந்த, பெண்களிடம் நயமாகப் பேசத் தெரிந்த, பெயரை மாற்றிக்கொண்டு கௌரவமான மனிதராக ஊரில் உலவும் ஒரு கபடக்காரர். மூன்றே ஆண்டுகள் கழித்து, அதே கனடாவில் எடுத்த ‘ஆன் ஆஃப் கிரீன் கேபிள்ஸ்’ தொலைக்காட்சித் தொடரில், பெண்களைக் கண்டாலே நாக்கு ஒட்டிக்கொள்ளும் மேத்யூ கத்பெர்ட்டாக வந்தார். வளர்ப்பு மகளுக்கு ஒரு கவுன் வாங்கக் கடைக்குப் போய், கேட்கக் கூச்சப்பட்டு, வேண்டாத பொருளை எல்லாம் வாங்கும் அந்த மனிதரையும் மைனரையும் அடுத்தடுத்துப் பாருங்கள். ஒரே மீசை, ஒரே நீலக் கண்கள், ஒரே குரல். இருவரும் ஒரே ஆள் என்று ஒரு நிமிடம்கூடத் தோன்றாது. மைனராக நடித்ததற்குக் கனடாவின் ஜெனி விருது, மேத்யூவாக நடித்ததற்கு ஜெமினி விருது.

கட்டுரையாளர் இதற்கு மறுமொழி எழுதுவதாக இருந்தால், ஆல்வின் ஸ்ட்ரெய்ட்டின் கைத்தடிகளை ஒதுக்கி வைத்துவிட்டு ‘தி கிரே ஃபாக்ஸ்’ படத்தைப் பார்த்துவிட்டு எழுதட்டும். அந்தத் திரையரங்கக் காட்சியில் நடிப்பு எங்கே இல்லை என்று அவர் காட்ட வேண்டும். காட்ட முடியாவிட்டால், சென்ற இதழில் எழுதியதைத் திரும்பப் பெற வேண்டும்.